பெட்டி யாருடையது

கேரளத்தின் பாலக்காடு மாவட்டத்தில், தமிழ்நாட்டு எல்லையை ஒட்டி, கொழிஞ்சாம்பாறைக்கும் வேலந்தாவளத்துக்கும் நடுவில், சாலையிலிருந்து உள்ளே தள்ளி, ஒரு டூரிங் கொட்டகை இருந்தது. 1979-ல், 17 வயதில், அங்கே ஆபரேட்டருக்குக் கையாளாகச் சேர்ந்தேன். இரண்டு வருடத்தில் மெஷின் என் கைக்கு வந்தது. 1991-ல் கொட்டகையைப் பிரிக்கும்வரை அதுதான் என் வேலை. இப்போது அந்த இடத்தில் தென்னை நிற்கிறது.

சினிமாவைப் பற்றி எழுதுகிறவர்கள் பெரும்பாலும் திரையைப் பார்த்தபடி உட்கார்ந்திருந்தவர்கள். நான் திரைக்கு எதிர்ப்பக்கத்தில் நின்றவன். சுவரில் இருக்கும் சதுர ஓட்டை வழியாக எனக்கு முதலில் தெரிவது ஜனங்களின் பிடரி, அப்புறம்தான் படம். ஆகவே ஜான் ஆபிரகாமைப் பற்றி நான் சொல்வது ஒரு ரசிகன் சொல்வதுபோல இருக்காது. அவர் கேரளத்தின் புரட்சிகரமான இயக்குநர் என்று எல்லோரும் சொல்கிறார்கள். அவர் செய்த புரட்சி திரையில் தெரிவதைவிடப் படப்பெட்டியில்தான் அதிகம் என்பது என் எண்ணம். அதை விளக்க வேண்டுமானால் பெட்டியிலிருந்து தொடங்க வேண்டும்.

எங்கள் கொட்டகைக்குப் படம் தகரப் பெட்டியில் வரும். பெட்டியோடு ஒரு மனிதரும் வருவார். விநியோகஸ்தரின் பிரதிநிதி. படம் ஓடும் நாள் முழுவதும் அவர் கண் டிக்கெட் கவுண்டர் மேலேயே இருக்கும். தரை டிக்கெட் எத்தனை, பெஞ்சு எத்தனை என்று எண்ணி, கணக்கில் கையெழுத்து வாங்கி, பங்கை எடுத்துக்கொண்டு, ரீல்களைப் பெட்டியில் அடைத்துப் பூட்டி, கடைசி பஸ்ஸில் போய்விடுவார். படத்தைப் பற்றி அவர் பேசி நான் கேட்டதில்லை. அவரைக் குறை சொல்லவில்லை. சம்பளத்துக்கு வந்த மனிதர், பல நாள் எங்கள் வீட்டில்தான் சாப்பிடுவார். ஆனால் பெட்டியின் சாவி அவரிடம் இருந்தது. ஊரில் நானூறு பேர் அழுது சிரித்துப் பார்த்த ஒரு பொருளின் சாவி ஊரில் எவரிடமும் இல்லை.

எல்லைக்காரர்களுக்கு இன்னொன்றும் உண்டு. தமிழ்ப் படத்தின் உரிமையை ஏரியா ஏரியாவாகப் பிரித்து விற்பார்கள். கோவை ஒரு ஏரியா, கேரளா வேறு ஏரியா. பொள்ளாச்சியில் ஓடி முடிந்த படம் எங்கள் கொட்டகைக்கு வர மாதக்கணக்கில் ஆகும். சித்தூர் தாலுகாவின் கிழக்கே பாதிப் பேருக்கு வீட்டு மொழி தமிழ். செக்போஸ்டில் எங்களை யாரும் தடுக்கவில்லை. எங்கள் ஆடு, மாடு, கடலைக்காய், கல்யாணம் எல்லாம் இருபுறமும் போய்வந்தன. படப்பெட்டிக்கு மட்டும் எல்லை இருந்தது. அந்தக் கோட்டைப் போட்டது அரசாங்கம்கூட இல்லை, பணம்.

இதெல்லாம் அப்போது எனக்கு இப்படித் தெரியவில்லை. 1988-ல் பாலக்காட்டில் ஒரு திரைப்படச் சங்கத்தார் ‘அம்ம அறியான்’ காட்டினார்கள். எங்கள் நூலகச் செயலாளர் என்னைக் கட்டாயப்படுத்திக் கூட்டிப்போனார். ஜான் அதற்கு முந்தைய வருடம், 1987 மே மாதக் கடைசியில், கோழிக்கோட்டில் ஒரு கட்டடத்தின் மாடியிலிருந்து விழுந்து இறந்திருந்தார். வயது 49. கூட்டத்தில் அவரைத் தெரிந்தவர்கள் சிலர் இருந்தார்கள். படம் தொடங்குமுன் ஒருவர் எழுந்து, இது எப்படி எடுக்கப்பட்டது என்று சொன்னார். படத்தைவிட அந்தப் பேச்சு எனக்குள் ஆழமாக இறங்கியது.

1984-ல் ஜானும் நண்பர்களும் கோழிக்கோட்டில் ‘ஒடேஸா’ என்று ஒரு குழுவைத் தொடங்கியிருக்கிறார்கள். தயாரிப்பாளரிடம் போவதில்லை என்று முடிவு. ஊர் ஊராகப் புரொஜக்டரைத் தூக்கிக்கொண்டு போய், தெருவில் பறை அடித்து ஆட்களைக் கூட்டி, நாடகம் போட்டு, சாப்ளினின் ‘தி கிட்’ போன்ற படங்களைக் காட்டி, துண்டு ஏந்தி, ஒரு ரூபாய் இரண்டு ரூபாயாகப் பணம் சேர்த்தார்கள். அந்தப் பணத்தில் 1986-ல் ‘அம்ம அறியான்’ வந்தது. வந்த படத்தைத் தியேட்டர்காரர்களிடம் கொடுக்கவில்லை. பணம் கொடுத்த ஊர்களுக்கே கொண்டுபோய்க் காட்டினார்கள்.

இதைக் கேட்டதும் எனக்கு நினைவு வந்தது எங்கள் தகரப் பெட்டிதான். பெட்டியோடு பிரதிநிதி வராத ஒரு படம்! வந்தவர்கள் எண்ணிப் பார்த்தது டிக்கெட்டை இல்லை. ‘உங்கள் பணத்தில் எடுத்தோம், பாருங்கள்’ என்று கணக்கு ஒப்பிக்க வந்திருக்கிறார்கள். மெஷின் பக்கத்தில் ஒன்பது வருடம் நின்ற எனக்கு, சினிமாவில் இப்படியும் நடக்கலாம் என்று அன்றுவரை தோன்றியதே இல்லை.

படத்தின் கதை எளிமையானது. புருஷன் என்று ஓர் இளைஞன் தில்லிக்குப் புறப்படுகிறான். போகிற வழியெல்லாம் கடிதம் எழுதுவதாக அம்மாவிடம் சொல்கிறான். வயநாட்டில் வழியில் ஒரு பிணத்தைப் பார்க்கிறான். எங்கோ பார்த்த முகம். தேடிப்போனால், அது ஹரி. தபலா வாசிக்கிறவன், தீவிர அரசியலில் இருந்தவன், தற்கொலை செய்துகொண்டவன். கொச்சியில் இருக்கும் அவனுடைய அம்மாவுக்கு யாராவது சொல்ல வேண்டுமே. புருஷன் தில்லியை விட்டுவிட்டுத் தெற்கே திரும்புகிறான். வழியில் ஒவ்வொரு நண்பனாகச் சேர்கிறார்கள். ஒவ்வொருவனும் தன் அம்மாவிடம் சொல்லிக்கொண்டு புறப்படுகிறான். கல்குவாரியில் வேலை செய்கிறவர்கள், மருத்துவ மாணவர்கள் என்று வழியில் எதிர்ப்படுகிறவர்களின் போராட்டங்களும் கதைக்குள் வருகின்றன. கொச்சி சேரும்போது அது ஊர்வலம்.

தலைப்பைப் பற்றி ஒன்று சொல்ல வேண்டும். தமிழ்க் காதுக்கு ‘அறியான்’ என்றால் ‘அறியமாட்டான்’. மலையாளத்தில் அதே சொல் ‘அறிவதற்காக’. எங்களுக்கு இரண்டு காதும் உண்டு. அம்மாவுக்குத் தெரிவிக்க ஒரு படம். எதையும் அறியாத ஒருவனைப் பற்றிய படம். அந்த இரவில் எனக்கு இரண்டும் சேர்ந்தே ஒலித்தன. பல வருடம் கழித்து மலையாள நண்பர் ஒருவரிடம் இதைச் சொன்னபோது, ‘ஜானுக்குத் தமிழ் தெரியும், நினைத்தே வைத்திருக்கலாம்’ என்றார். அப்படி நம்ப எனக்கும் ஆசைதான்.

அந்தக் காலத்துக் கேரளத்தில் மகன் என்ன ஆனான் என்று தெரியாமல் காத்திருந்த தாய்மார்கள் கதையில் மட்டும் இருக்கவில்லை. நெருக்கடி நிலையின்போது, 1976 மார்ச்சில், கோழிக்கோடு பொறியியல் கல்லூரி மாணவர் ராஜனைப் போலீஸ் கொண்டுபோனது. அவர் கக்கயம் முகாமில் இறந்தார். அப்பா ஈச்சர வாரியர் நீதிமன்றம் வரை போய்ப் போராடினார். அந்த வழக்கில்தான் 1977-ல் முதலமைச்சர் கருணாகரன் பதவி விலக நேர்ந்தது. ஜானின் படத்தைப் பார்க்கும்போது ஒவ்வொரு மலையாளியின் மனத்திலும் அந்த வீடு இருந்திருக்கும். புரட்சி பேசிய பையன்களைப் பற்றி எத்தனையோ பேர் எழுதினார்கள். ஜான் அந்தப் பையன்களை வரிசையில் நிறுத்தி, ‘முதலில் போய் அம்மாவிடம் சொல்’ என்றார். கட்சிக்காரர்கள் பலருக்கு அது பிடிக்கவில்லை என்று கேள்விப்பட்டேன். எனக்கு அதில்தான் அவருடைய அரசியல் முழுவதும் இருக்கிறது. சமையலறையில் நிற்கிற பெண்ணுக்குத் தெரியாமல் நடக்கிற மாற்றத்தை அவர் நம்பவில்லை.

தமிழர்களுக்கு ஜான் வேறு ஊர்க்காரர் இல்லை. எல்.ஐ.சி. வேலையை விட்டுவிட்டுப் புனே திரைப்படக் கல்லூரிக்குப் போய் ரித்விக் கட்டக்கிடம் படித்த இந்த மலையாளி, 1977-ல் எடுத்தது தமிழ்ப் படம்: ‘அக்ரஹாரத்தில் கழுதை’. திரைக்கதை வெங்கட் சாமிநாதன். தாயில்லாக் கழுதைக் குட்டி ஒன்றைப் பேராசிரியர் ஒருவர் வளர்க்கிறார். அக்ரஹாரம் பொறுக்கவில்லை, கடைசியில் அதை அடித்துக் கொன்றுவிட்டு, பிறகு அதற்கே அற்புத சக்தி இருந்ததாகக் கும்பிடத் தொடங்குகிறது. தமிழின் சிறந்த படம் என்று தேசிய விருது கிடைத்தது. 1989-ல் தூர்தர்ஷன் ஒளிபரப்புவதாக இருந்து, எதிர்ப்பு வந்ததால் கைவிட்டது. விருது கொடுத்த அரசாங்கமே காட்டத் தயங்கிய படம்! பன்னிரண்டு வருடத்தில் எங்கள் கொட்டகைக்கு அந்தப் பெட்டி ஒருநாளும் வரவில்லை. ஒரு படம் ஜனங்களிடம் போய்ச் சேராமல் இருக்கத் தடை உத்தரவு தேவையில்லை, பெட்டியைத் தூக்க ஆள் இல்லாவிட்டால் போதும். ஜான் ஒடேஸாவுக்கு வந்து சேர்ந்த வழி இதுதான் என்று நினைக்கிறேன்.

அந்தப் பேராசிரியராக நடித்தவர் இசையமைப்பாளர் எம்.பி.சீனிவாசன். அவரையும் இங்கே மறக்கக் கூடாது. 1960-ல் நிமாய் கோஷ் இயக்கிய ‘பாதை தெரியுது பார்’ படத்துக்கு இசை அவர்தான். இடதுசாரி நண்பர்கள் சேர்ந்து எடுத்த அந்தப் படத்தில் தொழிலாளியின் கதை. ‘தென்னங்கீற்று ஊஞ்சலிலே’ பாட்டை எழுதியவர் ஜெயகாந்தன். பாட்டு இன்றும் வானொலியில் வருகிறது, படம் ஓடவில்லை. படம் எடுக்கப் பலர் சேர்ந்தார்கள், அதைக் கொண்டுபோகப் பழைய வழியையே நம்ப வேண்டியிருந்தது. நிமாய் கோஷும் சீனிவாசனும் சினிமாத் தொழிலாளர் சங்கங்களைக் கட்டியவர்கள். லைட் தூக்குகிறவருக்கும் வயலின் வாசிக்கிறவருக்கும் கூலி உரிமை வேண்டும் என்று நின்றவர்கள். சினிமாவில் அரசியல் என்று யார் பேசினாலும் நான் முதலில் இவர்களுக்குத்தான் கை கூப்புவேன்.

ஜானைத் தேடிப் படிக்கப்போய், உலகத்தின் மறுபக்கத்திலும் இதே கவலையோடு சிலர் இருந்தது தெரிந்தது. அர்ஜென்டினாவில் ஃபெர்னாண்டோ சொலானாஸ், ஆக்டேவியோ கெட்டினோ என்று இருவர். 1968-ல் நான்கு மணி நேரத்துக்கும் மேல் ஓடும் ஓர் ஆவணப்படத்தை எடுத்து, ராணுவ ஆட்சிக்குத் தெரியாமல் வீடுகளிலும் சங்கக் கூடங்களிலும் காட்டினார்கள். அடுத்த வருடம் ‘மூன்றாம் சினிமா’ என்ற கருத்தை எழுதினார்கள். முதல் சினிமா ஹாலிவுட். இரண்டாவது, தனி இயக்குநரின் கலை சினிமா. மூன்றாவது, ஜனங்கள் விடுதலைக்காகக் கையில் எடுத்துக்கொள்ளும் சினிமா. அதில் ஒரு வரி: புரொஜக்டர் என்பது நொடிக்கு 24 படம் சுடும் துப்பாக்கி.

அந்த வரி பல வருடம் என்னைத் தொந்தரவு செய்தது. புரொஜக்டரோடு வாழ்ந்தவன் என்ற முறையில் சொல்கிறேன், அது துப்பாக்கி இல்லை. எங்கள் மெஷின் கார்பன் மெஷின். செம்பு பூசிய இரண்டு கார்பன் குச்சிகளின் நுனிக்கு நடுவே தீ எரியும். குச்சி தேயத் தேயத் திருகித் திருகி இடைவெளியைச் சரிசெய்ய வேண்டும். கவனம் தப்பினால் திரை மஞ்சளாகும், கூட்டம் சத்தம் போடும். அடுப்பில் பால் வைத்த பெண்போல அதன் பக்கத்திலேயே நிற்க வேண்டும். துப்பாக்கியைச் சுட்டுவிட்டுத் திரும்பிப் போகலாம். அடுப்பை அப்படி விட்டுப்போக முடியாது. எதிரே இருக்கிறவர்களைக் குறிவைக்கிற பொருள் என்று நினைத்து நான் ஒருநாளும் மெஷினைத் தொட்டதில்லை. அவர்களுடைய நாட்டில் ராணுவம் தெருவில் நின்றது. அந்தக் கோபத்தில் பிறந்த வார்த்தை அது என்று புரிகிறது. இருந்தாலும் ஏற்க முடியவில்லை.

அதே மனிதர்கள் செய்த இன்னொரு காரியம் என்னை எழுந்து உட்கார வைத்தது. அவர்கள் படத்தின் நடுவே வேண்டுமென்றே இடம் விட்டிருந்தார்கள். அங்கே மெஷினை நிறுத்த வேண்டும். பார்க்கிறவர்கள் பேச வேண்டும். பேசி முடித்த பிறகு மீண்டும் ஓட்ட வேண்டும். படம் ஒரு காரணம்தான், கூட்டமே நிகழ்ச்சி என்பது அவர்கள் எண்ணம்.

எங்கள் கொட்டகையில் ஒரே ஒரு மெஷின். ஒரு ஸ்பூல் தீர்ந்தால் அடுத்ததை மாட்டும்வரை விளக்கைப் போட்டுவிடுவோம். ஒரு படத்துக்கு நான்கைந்து முறை இது நடக்கும். டவுன் தியேட்டரில் இரண்டு மெஷின் வைத்து ஒன்றிலிருந்து ஒன்றுக்கு மாற்றுவார்கள், படம் அறாது. எங்களுக்கு அது பெரிய தரித்திரமாகத் தெரிந்தது. ஆனால் அந்த ஐந்து நிமிடங்களில் கொட்டகையில் என்ன நடக்கும் என்பதை ஓட்டை வழியாகப் பார்த்தவன் நான். முறுக்குக்காரன் உள்ளே வருவான். தரையில் உட்கார்ந்திருக்கும் பெண்கள் திரும்பி ஒருவருக்கொருவர் பேசத் தொடங்குவார்கள். ‘அவள் ஏன் மாமியார் காலில் விழ வேண்டும்?’ ‘விழாமல் எங்கே போவாள், அப்பன் வீடு இருக்கிறதா?’ அங்கிருந்து பேச்சு அவரவர் வீட்டுக்குப் போய்விடும். ஸ்பூல் மாட்டி நான் மணி அடிப்பேன். பேச்சு அறுந்து எல்லோரும் திரைக்குத் திரும்புவார்கள். சொலானாஸ் எழுதிவைத்த இடைவெளி எங்களிடம் தானாகவே இருந்தது. அதை விலை மதிப்புள்ள பொருள் என்று எங்களுக்குச் சொல்லத்தான் யாரும் இல்லை.

1992-ல் நூலக ஆண்டுவிழா வந்தது. கொட்டகை போய் ஒரு வருடம் ஆகியிருந்தது. கேரளத்தில் எங்கள் ஊர்போன்ற சின்ன ஊரிலும் நூலகம் இருக்கும், 1945-ல் பி.என்.பணிக்கர் தொடங்கிவைத்த கிரந்தசாலை இயக்கத்தின் பலன் அது. ஜான் குழு செய்ததுபோல நாமும் ஊரில் பணம் சேர்த்துப் படம் காட்டலாம் என்று நான் சொன்னேன். ‘தி கிட்’ படமே வேண்டும் என்றும் சொன்னேன். 1921-ல் வந்த ஊமைப்படம். தமிழ், மலையாளம், தெலுங்கு பேசுகிறவர்கள் கலந்து வாழும் ஊரில் யாருக்கும் மொழி குறுக்கே நிற்காது. ஒடேஸாக்காரர்கள் ஏன் சாப்ளினைத் தூக்கிக்கொண்டு அலைந்தார்கள் என்பது வீடு வீடாகப் போனபோதுதான் எனக்குப் புரிந்தது.

அந்த வசூல் நோட்டு இன்னும் என்னிடம் இருக்கிறது. 412 ரூபாய் பணம், 43 தேங்காய், மூன்று படி கடலைக்காய். தேங்காயை விற்றதில் 129 ரூபாய். கடலைக்காயை வறுத்து அன்றிரவே குழந்தைகளுக்குக் கொடுத்துவிட்டோம். கொடுத்த ஒவ்வொருவர் பெயரையும் எழுத வேண்டும் என்பதில் நான் பிடிவாதமாக இருந்தேன். கள் இறக்குகிறவர்கள் வேலை முடிந்து வரும் நேரத்துக்குக் காத்திருந்து வாங்கினோம். பாலக்காட்டுச் சங்கத்தார் 16 மி.மீ. புரொஜக்டரும் பிரதியும் கொடுத்தார்கள். வாடகை 300 ரூபாய்.

நூலகத்துக்கு முன்னால் வேட்டிகளைச் சேர்த்துத் தைத்துத் திரை கட்டினோம். பாலக்காட்டுக் கணவாய்க் காற்றைப் பற்றி எங்கள் பக்கத்துக்காரர்களுக்குச் சொல்லத் தேவையில்லை. திரை பாய்மரம்போல விம்மியது. நான்கு மூலையிலும் பையன்கள் பிடித்துக்கொண்டு நின்றார்கள்.

படம் பாதி தாண்டியிருக்கும். கைவிடப்பட்ட குழந்தை ஒன்றைச் சாப்ளின் எடுத்து வளர்க்கிற கதை அது. அந்தப் பையனுக்குக் காய்ச்சல். டாக்டர் வருகிறார், நீ இவனுக்கு அப்பனா என்று கேட்கிறார். சாப்ளின் குழந்தையோடு கிடைத்த துண்டுக் காகிதத்தை எடுத்துக் காட்டுகிறார். டாக்டர் அதை வாங்கித் தன் பையில் வைத்துக்கொண்டு போய்விடுகிறார். அடுத்தது அனாதை ஆசிரமத்து அதிகாரிகள் வண்டியோடு வருகிறார்கள்.

“கண்ணு, நிறுத்து!”

முன்வரிசையில் உட்கார்ந்திருந்த ஓர் ஆத்தா. கடலைக்காய் பறிப்புக்கும் களைவெட்டுக்கும் போகிறவர். எழுந்து நின்று என் பக்கம் திரும்பிக் கையை உயர்த்தினார்.

“நிறுத்தச் சொன்னேன். நானும் காசு கொடுத்திருக்கிறேன்.”

கொட்டகையில் பன்னிரண்டு வருடம் இருந்தேன். படத்தை நிறுத்து என்று ஒருவரும் சொன்னதில்லை. சத்தம் போடுவார்கள், நாற்காலியைத் தட்டுவார்கள், பணத்தைத் திருப்பிக் கொடு என்பார்கள். நிறுத்துகிற உரிமை தனக்கு இருக்கிறது என்று நினைத்துச் சொன்ன முதல் ஆள் அவர். டிக்கெட் வாங்கியவருக்கு அது தோன்றாது. பங்கு போட்டவருக்குத் தோன்றியது.

அந்த மெஷினில் ஒரு ஃபிரேமை அப்படியே நிறுத்தினால் வெப்பத்தில் பிலிம் உருகிவிடும். விளக்கை அணைத்துத்தான் நிறுத்த முடியும். அணைத்தேன். இருட்டு. காற்றில் திரை படபடக்கும் சத்தம் மட்டும்.

“அந்தக் காகிதத்தை ஏன் கொடுத்தான்?” என்று இருட்டில் ஆத்தா கேட்டார். “ஒரே ஒரு காகிதம். அதையும் கேட்டவுடன் எடுத்துக் கொடுத்துவிட்டானே.”

யாரும் பதில் சொல்லவில்லை. பிறகு அவரே சொன்னார். மகள் இறந்துபோய்ப் பேரனை அவர்தான் வளர்த்தார். பையன் பிறந்தது தமிழ்நாட்டுப் பக்கம், வளர்வது இந்தப் பக்கம். ரேஷன் கார்டில் பெயர் சேர்க்கப் போனபோது அலுவலகத்தில் பிறப்புச் சான்றை வாங்கி வைத்துக்கொண்டார்கள். பிறகு வா என்றார்கள். பிறகு போனால் அப்படி எதுவும் வாங்கவில்லை என்றார்கள். அந்தப் பக்கம் போய்க் கேட்டால், நீ கேரளா, அங்கேயே கேள் என்றார்கள். பள்ளிக்கூடத்தில் சாதிச் சான்று கேட்கிறார்கள். இரண்டு மாநிலத்துப் பட்டியலும் வேறு வேறு.

அவர் முடிக்கவும் பின்னால் இன்னொரு குரல். எனக்கும் அப்படித்தான். அப்புறம் பனையிலிருந்து விழுந்து செத்துப்போன ஒரு தொழிலாளியின் மனைவி, அவருக்கு வர வேண்டிய தொழிலாளர் நலநிதிப் பணத்துக்கு எந்தப் பெயரில் எந்த ஊரில் காகிதம் வேண்டும் என்று தெரியாமல் இரண்டு வருடமாக அலைவதைச் சொன்னார். பகலில், வெளிச்சத்தில், நூலகத்தில் கூட்டம் போட்டுக் கேட்டிருந்தால் இந்தப் பெண்கள் பேசியிருக்கமாட்டார்கள். முகம் தெரியாத இருட்டு அவர்களைப் பேசவைத்தது. முக்கால் மணி நேரம். திரையைப் பிடித்திருந்த பையன்களுக்குக் கை வலித்து ஆள் மாறிக்கொண்டார்கள். பிறகு ஆத்தாவே, “சரி கண்ணு, போடு. பையன் கிடைக்கிறானா பார்ப்போம்” என்றார்.

கிடைக்கிறான். கூரை கூரையாகத் தாவி ஓடி, வண்டிக்குள் குதித்து, சாப்ளின் பையனை மீட்டுக் கட்டிப்பிடிக்கும்போது எழுந்த சத்தம் பக்கத்து ஊர்வரை கேட்டிருக்கும்.

மறுநாள் கணக்கை நூலகத்தில் வாசித்தோம். வரவு 541, செலவு 487, மீதி 54. மீதியை என்ன செய்வது என்று கேட்டபோது, மனு எழுதி ஸ்டாம்பு ஒட்டப் பயன்படுத்தலாம் என்று முடிவாயிற்று. அடுத்த வாரம் 11 பேர் ஒன்றாகப் போனோம். ஆத்தா வீட்டில் தொடங்கி, வழியில் ஒவ்வொரு வீட்டுத் திண்ணையிலும் ஒருவரைக் கூப்பிட்டுக்கொண்டு பஸ் நிறுத்தம்வரை நடந்தபோது, நான்கு வருடத்துக்கு முன்னால் பார்த்த ‘அம்ம அறியான்’ ஊர்வலம் எனக்கு ஞாபகம் வந்தது. ஒருவருக்கும் சொல்லவில்லை. 11 பேரில் ஏழு பேருக்குக் காரியம் நடந்தது. நான்கு பேருக்கு நடக்கவில்லை. அந்த நான்கில் நலநிதிக்கு அலைந்த பெண்ணும் ஒருவர். அது இன்றும் என் மனத்தில் கிடக்கிறது.

இதைப் புரட்சி என்று சொன்னால் ஜானே ஒப்புக்கொள்ளமாட்டார். அடுத்த இரண்டு வருடம் இதேபோல் காட்டினோம்; பிறகு வீட்டுக்கு வீடு டி.வி. வந்தது, வசூலுக்குப் போகிறவர்கள் திருப்பூருக்கும் கோவைக்கும் வேலைக்குப் போனார்கள், நின்றுவிட்டது. ஒடேஸாவும் ஜான் இறந்த பிறகு அதே வேகத்தில் ஒரு முழுநீளக் கதைப்படத்தை ஜனங்களின் பணத்தில் எடுத்து வெளியிடவில்லை. இந்த வழி ஆட்களைத் தேய்த்துவிடும், கார்பன் குச்சியைப் போல. யாராவது விடாமல் பக்கத்தில் நின்று திருகிக்கொண்டே இருக்க வேண்டும். ஜான் என்ற ஒருவர்மேல் எல்லாச் சுமையும் இருந்தது அதன் பலவீனம். அவரைக் கொண்டாடுகிறவர்கள் அவருடைய குடியையும் அலைச்சலையும் கதை கதையாகச் சொல்கிறார்கள். வசூல் நோட்டுகளைப் பற்றி யாரும் பேசுவதில்லை. எனக்கு அந்த நோட்டுகளைப் பார்க்க வேண்டும் என்று ஆசை. எந்த ஊரில் யார் எத்தனை கொடுத்தார்கள், தேங்காயாகக் கொடுத்தார்களா, அரிசியாகக் கொடுத்தார்களா, கணக்கை எங்கே வாசித்தார்கள் என்று.

போன மாதம் கோவையில் படிக்கிற எங்கள் ஊர்ப் பையன் ஒருவன் வந்தான். போனிலேயே படம் எடுக்கிறான். மூலத்தறை அணைக்கட்டுத் தண்ணீர் கடைமடைக்கு வராததைப் பற்றி இருபது நிமிடம் எடுத்திருக்கிறான்; நன்றாகவே இருக்கிறது. இணையத்தில் போட்டுவிடலாமா என்று கேட்டான். போடு, ஆனால் முதலில் படத்தில் பேசியவர்கள் ஊரில் காட்டு என்றேன். செலவுக்கு என்ன செய்வது என்றான். நோட்டை எடுத்துக் கொடுத்தேன். ஒவ்வொரு பெயராகப் படித்துவிட்டு, “அண்ணா, இதில் எங்கள் பாட்டி பெயர் இருக்கிறது” என்றான். 2 தேங்காய் என்று எழுதியிருந்தது.

அடுத்த ஞாயிறு நூலகச் சுவரில் காட்டுகிறோம். நேற்று ஒத்திகை பார்த்தோம். இந்தப் புதிய புரொஜக்டரில் ஒரு சங்கடம் இருக்கிறது. நிறுத்தினால் படம் அணையவில்லை. பேசிக்கொண்டிருந்த விவசாயியின் முகம் பாதி வாய் திறந்தபடி சுவரில் அப்படியே நிற்கிறது. எல்லோரும் அந்த முகத்தையே பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருப்பார்கள், பேசமாட்டார்கள். யாராவது நிறுத்து என்று சொன்னால், முதலில் லென்சை மூடியால் மூடிவிடு என்று பையனிடம் சொல்லியிருக்கிறேன். மூடியை நூலில் கட்டி மெஷினிலேயே தொங்கவிட்டிருக்கிறோம், இருட்டில் தேட வேண்டாம் என்று.